சம்பந்திக்காகப் போட்ட டைல்ஸ்

"தோரைக் கொண்டுபோய் வாசல்ல வெச்சிருக்கீங்களே, உங்களுக்குக் கொஞ்சமாவது புத்தி இருக்கா?"

மனைவி குல்பாஷ் இப்படிக் கேட்டபோது அமன்தாய் முற்றத்தின் நடுவில் மண்டியிட்டிருந்தார். ஒரு கையில் ரப்பர் சுத்தியல், மறுகையில் பசைத் துப்பாக்கி, எதிரே கடைசி அட்டைப்பெட்டி. பெட்டி காலி. முற்றத்தில் பாதி மிச்சம்.

தெருக் கேட்டிலிருந்து நடு முற்றம் வரை பழுப்பு நிறத்தில் பளபளவென்று மர டைல்ஸ். அங்கிருந்து பின்சுவர் வரை பழைய சிமெண்டுத் தரை, விரிசலுக்கு விரிசல் புல்.

வாசலுக்கு எதிர்க்கோடிதான் தோர். வீடானாலும் கூடாரமானாலும் முற்றமானாலும், வந்தவர்களில் பெரியவர் யாரோ அவர் அங்கேதான் உட்காருவார். வாசலை நெருங்க நெருங்க மரியாதை இறங்கிக்கொண்டே வரும். வாசலை ஒட்டி உட்காருபவன் செருப்புக்குக் காவல். இப்போதிருக்கும் நிலையில், ஞாயிற்றுக்கிழமை வரப்போகும் சம்பந்தி ஓரல்பாய் விரிசல் சிமெண்டில் உட்கார வேண்டும். அவருடைய டிரைவர் பளபளக்கும் மரத்தில் உட்காருவான்.

"டைல்ஸ் பத்தல," என்றார் அமன்தாய்.

"அதுதான் தெரியுதே. எப்படிப் பத்தாமப் போச்சு? அளந்துட்டுத்தானே கடைக்குப் போனீங்க?"

அளந்தார்தான். ஆனால் தேநீரில் பால் குறைவு என்று குல்பாஷிடம் சண்டை போட்டுவிட்டு, அதே சூட்டில் முற்றத்தைக் காலால் நடந்து அளந்தார். கோபத்தில் மனிதனுக்குக் கால் எட்டி விழும். முற்றம் அன்று சின்னதாகிவிட்டது.

தல்கார் ஊரில் பாதிப்பேருக்கு வண்டி ஓட்டக் கற்றுக்கொடுத்தவர் அமன்தாய். மீதிப்பேர் அவரிடம் கற்றுக்கொள்ளப் பயந்து பஸ்ஸில் போகிறார்கள். பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து பிரேக்கை மிதித்து மிதித்து, கோபம் வந்தால் வலது கால் தானாக எதையாவது மிதிக்கும். இப்போது காலி அட்டைப்பெட்டியை மிதித்தது.

"சரி, அதுக்கென்ன," என்றாள் குல்பாஷ். "கழட்டி அந்தப் பக்கம் மாட்டிட்டாப் போச்சு. இது கொக்கி டைல்ஸ்தானே? கடைக்காரன் அப்படித்தானே சொன்னான்?"

அமன்தாய் பசைத் துப்பாக்கியை மெதுவாக முதுகுக்குப் பின்னால் மறைத்தார்.

அந்த டைல்ஸ் மேலே மரச்சட்டம், அடியில் பிளாஸ்டிக் வலை, நாலு பக்கமும் கொக்கி. பக்கத்தில் பக்கத்தில் வைத்து அழுத்தினால் மாட்டிக்கொள்ளும். வேண்டாமென்றால் கழற்றி வேறு இடத்தில் போட்டுக்கொள்ளலாம். கடைக்காரன் இதைத்தான் பெருமையாகச் சொன்னான். அமன்தாய்க்கு அங்கேதான் சந்தேகம் வந்தது. ஆணி கிடையாது, பசை கிடையாது, அழுத்தினால் நிற்குமாம். ஆகவே ஒவ்வொரு டைலுக்கும் அடியில் கட்டடப் பசையை வழிய வழியப் பிதுக்கி, கொக்கியையும் மாட்டி, மேலே சுத்தியலாலும் நாலு சாத்து சாத்தியிருந்தார்.

"ஒட்டிட்டீங்களா?" என்றாள் குல்பாஷ்.

"உறுதியா இருக்கட்டுமேன்னு..."

"எல்லாத்தையுமா?"

அமன்தாய் எழுந்துபோய்க் கடப்பாரையைக் கொண்டுவந்தார். ஓரத்து டைலுக்கு அடியில் கொடுத்து நெம்பினார். மரம் தனியாக வந்தது. பிளாஸ்டிக் தரையோடு நின்றது. இன்னொன்றை நெம்பினார். அதில் சிமெண்டும் சேர்ந்து வந்தது. குல்பாஷ் இரண்டையும் எடுத்துப் பார்த்துவிட்டு, அடுப்பில் போட எடுத்துப்போனாள்.

கடைக்காரனுக்குப் போன் போட்டார். அந்த நிறம் தீர்ந்துவிட்டது, அடுத்த சரக்கு எப்போது வரும் என்று சொல்ல முடியாது, குளியலறை நீலம் வேண்டுமானால் இருக்கிறது என்றான். அமன்தாய் அவனுக்கு ஏதோ பதில் சொன்னார். அதை இங்கே எழுத முடியாது.

"கம்பளத்தைப் போட்டு எல்லாத்தையும் மூடிடுங்க," என்று சமையலறை ஜன்னலிலிருந்து குல்பாஷ் சொன்னாள்.

"மூடிட்டா டைல்ஸ் போட்டது எவனுக்குத் தெரியும்?"

"அப்ப வீட்டுக்குள்ள வெச்சுக்கலாம் விருந்தை."

"அவன் வெளியில வெச்சான். நானும் வெளியிலதான் வெப்பேன்."

"அவன் இவன்னு பேசாதீங்க. சம்பந்தி அவர்."

"அதனாலதான் அவன்னு மட்டும் சொல்றேன்."

இந்தக் கோபத்துக்கு வயது ஒரு குளிர்காலம். போன இலையுதிர் காலத்தில் ஒரே மகள் அனாரை தூரத்து ஊரான கரகண்டாவில் ஓரல்பாயின் மகனுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். கல்யாணம் முடிந்து சம்பந்தி விருந்துக்கு அமன்தாய் அங்கே போனார். ஓரல்பாய் வீட்டுத் தாழ்வாரத்தில் விருந்து. தோரில் புதிதாக டைல்ஸ் போட்டிருந்தார்கள். அந்த மாதிரி டைல்ஸை அமன்தாய் முதன்முதலில் பார்த்தது அங்கேதான். பார்த்தார் என்பதைவிட, பல்தாபெக்கின் இடுப்புக்கு இரண்டு பக்கமும் எவ்வளவு தெரிந்ததோ அவ்வளவு பார்த்தார்.

பல்தாபெக் என்பவன் ஓரல்பாயின் தம்பி மகன். முப்பது வயது, லாரி டிரைவர், ஆள் லாரியில் பாதி இருப்பான். அவன் தோரில் உட்கார்ந்திருந்தான். பெண்ணைப் பெற்று, வளர்த்து, ரயிலேறி வந்த அமன்தாய்க்குக் கிடைத்தது அதற்குக் கீழே, டைல்ஸ் முடிந்த இடத்தில், சாதாரணப் பலகைத் தரையில்.

அதையாவது பொறுத்துக்கொண்டிருப்பார். அமன்தாய் உள்ளே வந்ததும் எல்லோரும் எழுந்து கை கொடுத்தார்கள். பல்தாபெக் உட்கார்ந்தபடியே கையை நீட்டினான். வாழ்த்துச் சொல்ல ஒவ்வொருவராக எழுந்தபோது கூட்டமே எழுந்து நின்றது. அவன் எழவில்லை. ஒருமுறை கொஞ்சம் அசைந்தான்; உடனே ஓரல்பாய், "உக்காரு, உக்காரு, நீ எந்திரிக்காதே," என்று தோளைத் தொட்டு அமர்த்தினார். அவனுக்குத் தேநீரையும் தன் கையாலேயே கொண்டுபோய்க் கொடுத்தார்.

"சக்கரவர்த்தி பாரு," என்றார் அமன்தாய், இப்போது, காலி முற்றத்தைப் பார்த்து. "எந்திரிச்சா கிரீடம் விழுந்துடும்."

"ஏங்க," என்று குல்பாஷ் ஜன்னலை விட்டு வெளியே வந்தாள். குரலில் கிண்டல் போய்விட்டிருந்தது. "பொண்ணு மாசமா இருக்கா. அந்த வீட்டுல இருக்கா. நீங்க இங்க ஒரு வார்த்தை விட்டீங்கன்னா அதைச் சுமக்கப்போறது அவதான். ஞாபகம் வெச்சுக்குங்க."

"நான் ஏன் பேசப்போறேன்? ஒரு வார்த்தை பேசமாட்டேன். மரியாதையாலயே அடிக்கப்போறேன். அவன் உக்காருற தோர் இந்தத் தல்கார்லயே யாரும் உக்காராத தோரா இருக்கணும். பெரிய விருந்தாளிக்குன்னே வெக்கிற ஆட்டுத்தலையை அவன் முன்னால வெச்சு, கையில தண்ணி ஊத்தி... அவன் வெக்கத்துல இறைச்சி முழுங்க முடியாம திண்டாடணும்."

"முதல்ல தோர் எங்கன்னு முடிவு பண்ணுங்க," என்றாள் குல்பாஷ்.

அதை முடிவு பண்ணியது அவள் தம்பி எர்மெக். அக்கா வீட்டில் தேநீர் நேரம் எதுவோ, அந்த நேரத்தில் எர்மெக் தெருவில் போய்க்கொண்டிருப்பான். பெயின்ட் அடிப்பான், வெல்டிங் செய்வான், எதையும் முழுதாகச் செய்வதில்லை. முற்றத்தைச் சுற்றி ஒரு தடவை நடந்தான்.

"அத்தான், டைல்ஸை நகத்த முடியாது. சரியா?"

"அதைச் சொல்ல நீ வந்தியா?"

"ஆனா தோர்னா என்ன? வாசலுக்கு எதிர்க்கோடி. டைல்ஸ் இருந்த இடத்துலயே இருக்கட்டும். வாசலை அந்தப் பக்கம் கொண்டுபோயிட்டா?"

அமன்தாய் அவனை அறைவதற்குத்தான் கையை ஓங்கினார். பாதியில் கை நின்றது. பின்சுவரைப் பார்த்தார். கேட்டைப் பார்த்தார். மறுபடியும் பின்சுவரைப் பார்த்தார்.

"ரெண்டு பேருக்கும் பைத்தியம் பிடிச்சிருக்கு," என்றாள் குல்பாஷ். ஆனால் அவளுக்குத் தெரியும், அவர் முடிவு பண்ணிவிட்டார்.

பின்சுவரை இடிக்கச் சாயந்திரம் வரை ஆயிற்று. அமன்தாய் சம்மட்டியைச் சுவரில் போட்ட வேகத்தில் ஒவ்வொரு அடிக்கும் ஒரு பெயர் இருந்தது. முக்கால்வாசி அடி பல்தாபெக்குக்குப் போயிற்று. எர்மெக் தெருக் கேட்டின் இரண்டு கதவுகளையும் கழற்றினான். தெருப்பக்கத்து ஓட்டையை நெளிந்த தகரத் தகட்டால் மூடி, இருந்த திருகாணியெல்லாம் போட்டு முடுக்கினான்.

கதவுகளைப் பின்பக்கம் தூக்கிக்கொண்டு வருவதற்குள் ஆடு போய்விட்டது.

விருந்துக்கென்று வாங்கிக் கட்டி வைத்திருந்த ஆடு அது. இடிபாட்டுச் சத்தத்தில் கயிற்றை அறுத்துக்கொண்டு, புது ஓட்டை வழியாகப் பின்சந்துக்குப் போய், அதைத் தாண்டிப் பக்கத்து வீட்டு வால்யாவின் முட்டைக்கோஸ் நாற்றில் இறங்கிவிட்டது. வால்யா ஓய்வுபெற்ற நர்ஸ். ஊசி போட்ட கை, பிடித்தால் விடாது. அமன்தாய் போய்ச் சேர்ந்தபோது ஆடு அவள் கொட்டகையில் இருந்தது, கொட்டகை பூட்டியிருந்தது.

"ஆட்டைக் குடு, வால்யா. நாத்துக்கு என்ன உண்டோ குடுத்துடறேன்."

"உன் காசு யாருக்கு வேணும்?" என்றாள் வால்யா. "இத்தனை வருஷமா பக்கத்துல இருக்கேன். உன் வீட்டுல விருந்து நடக்கும்போதெல்லாம் வேலிக்கு மேல எனக்கு ஒரு தட்டு வரும். ஒரு தடவையாவது உள்ள கூப்பிட்டு உக்காரவெச்சிருக்கியா?"

"சரி, வந்து உக்காரு."

"எங்க? செருப்புகிட்டயா?"

"எங்க வேணும்னாலும் உக்காரு. ஆட்டைக் குடு."

"புது மரம் போட்டிருக்கியே, அதுல," என்றாள் வால்யா. "என் இடுப்பு தாங்காது, ஜில்லுனு சிமெண்டுல உக்கார மாட்டேன்."

அமன்தாய் இரண்டு முறை திரும்பிப்போனார். ஆடு உள்ளேயிருந்து இரண்டு முறை கத்தியது. மூன்றாம் முறை சரியென்று தலையை ஆட்டினார். தோர் நீளமானது, ஒரு கோடியில் இவளைச் செருகிவிட்டால் யாருக்குத் தெரியப்போகிறது என்று தன்னைத்தானே சமாதானம் செய்துகொண்டார்.

புதுக் கேட்டை மாட்டி முடித்து, வெளியே போய் நின்று, ஒரு விருந்தாளியைப் போல உள்ளே நுழைந்து பார்த்தார். நுழைந்ததும் வலது கை பக்கம் நின்றது கழிப்பறைக் கொட்டகை. பழைய மரக்கொட்டகை. வீட்டுக்குள் புதிய கழிப்பறை கட்டியபிறகும் முற்றத்து விருந்துகளுக்கு அதுதான். இத்தனை நாள் முற்றத்தின் கடைசி மூலையில் மரியாதையாக ஒதுங்கி நின்றது. இப்போது வரவேற்க நிற்பதுபோல் வாசலில் நின்றது.

"எர்மெக்," என்றார் அமன்தாய். குரல் அடங்கியிருந்தது. அடங்கிய குரல்தான் மோசம்.

"இடிச்சுடலாமா, அத்தான்?"

"இடிச்சா அடியில இருக்கிற குழியை உன் தலையால மூடுவியா?"

கடைசியில் குல்பாஷின் சீதனக் கம்பளம் வந்தது. சிவப்பில் ஆட்டுக்கொம்புச் சித்திரம் போட்ட சுவர்க் கம்பளம். கொட்டகையைச் சுற்றிக் கட்டியதும், உண்மையைச் சொன்னால், அது அந்த முற்றத்திலேயே மிக அழகான பொருளாகிவிட்டது. குல்பாஷ் அதன் ஓரத்தை இழுத்துச் சரிசெய்தாள்.

"எங்கம்மா குடுத்தது," என்றாள். "ஒரு பயல் எந்திரிக்கலன்னு எங்கம்மா கம்பளத்தைக் கொண்டுபோய்க் கக்கூஸ்ல கட்டிட்டீங்க."

அமன்தாயின் வலது கால் ஒருமுறை மிதித்தது.

ஞாயிற்றுக்கிழமை மதியம் தெருவில் வண்டிச் சத்தம் கேட்டது. இறைச்சி வெந்துகொண்டிருந்தது, பவ்ர்சாக் என்ற மாவு உருண்டைகளைப் பொரித்துக் குவித்தாயிற்று, மெத்தை விரிப்புகளைத் தோரில் டைல்ஸ் தெரியும்படி குறுக்கிக் குறுக்கிப் போட்டாயிற்று. வால்யா முதல் ஆளாக வந்து, நீலச் சட்டையும் லிப்ஸ்டிக்குமாக, நட்டநடுத் தோரில் உட்கார்ந்துவிட்டாள்.

"கொஞ்சம் ஓரமா உக்காரு, வால்யா."

"ஓரத்துல காத்தடிக்குது."

தெருப்பக்கத்துத் தகரத்தை யாரோ தட்டினார்கள்.

"அப்பா," என்று அனாரின் குரல். "அப்பா, நம்ம கேட் எங்க?"

"சுத்தி வாங்க," என்று கத்தினார் அமன்தாய். "பின்பக்கமா வாங்க."

வெளியே ஒரு பெண் குரல், வயதான குரல், மெதுவாகக் கேட்டது: "சம்பந்தியையா பின்பக்கமா வரச்சொல்றாங்க?"

சுற்றி வருவதற்கு வால்யாவின் நாற்றங்காலையும் வாய்க்காலையும் தாண்ட வேண்டும். அனார் ஒரு கையால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு முன்னால் வந்தாள். பின்னால் ஓரல்பாய், புதுக் கோட்டு, முழங்கால் வரை சேறு. அவருடைய மனைவி. ஓரல்பாயின் வயதான அக்கா. கடைசியில் பல்தாபெக். வண்டியை ஓட்டிக்கொண்டு வந்தவன் அவன்தான். அவனைப் பார்த்ததும் அமன்தாயின் வலது கால் மிதித்தது.

வயதான அக்கா வாசலில் நின்றாள். கம்பளம் கட்டிய கொட்டகையை மேலும் கீழும் பார்த்தாள். இரண்டு கைகளையும் விரித்து, "இந்த வீட்டுல செல்வம் பெருகட்டும், இந்தக் கதவு என்னிக்கும் மூடாம இருக்கட்டும்," என்று ஆசி சொல்லிவிட்டு, குனிந்து உள்ளே நுழையப் போனாள்.

"அத்தை, அது இல்ல, அது இல்ல," என்று அனார் ஓடிவந்து பிடித்தாள். அதற்குள் அவள் கம்பளத்தை விலக்கிவிட்டிருந்தாள். மறுபடி மூடினாள். கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டாள்.

எர்மெக் இறைச்சிக் கொப்பரைக்குப் பின்னால் போய் நின்றுகொண்டான். சிரிப்பை அடக்கும் சத்தம் அங்கிருந்து கேட்டது.

"வாங்க சம்பந்தி, தோருக்கு வாங்க," என்றார் அமன்தாய். நாள்கணக்காக மனசுக்குள் சொல்லிப் பார்த்த வார்த்தை. இத்தனைக்கும் பிறகு அது மட்டும் தவறாமல் வந்தது. "மேல வாங்க. உங்களுக்காகத்தான்."

ஓரல்பாய் நடந்தார். சிமெண்டு முடிந்து டைல்ஸ் தொடங்கும் இடத்தில் நின்றார். குனிந்து பார்த்தார். முகம் வெளுத்தது. நடுத் தோரில் பவ்ர்சாக் தின்றுகொண்டிருந்த வால்யாவைப் பார்த்தார். வால்யா கையசைத்தாள். ஓரல்பாய் பூட்சு நுனியால் டைல்ஸை லேசாகத் தொட்டார், தொட்ட காலை உடனே இழுத்துக்கொண்டார்.

பிறகு திரும்பி வந்து, வாசலுக்குப் பக்கத்தில், விரிசல் விட்ட சிமெண்டில், செருப்புகளுக்கு நடுவில் உட்கார்ந்துவிட்டார்.

"இங்கயே நல்லா இருக்கு," என்றார்.

அவர் மனைவி அவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். அக்கா உட்கார்ந்தாள். பல்தாபெக் உட்காரவே இல்லை, சுவரோரம் நின்றான்.

"சம்பந்தி," என்றார் அமன்தாய். "அது செருப்பு விடற இடம்."

"பரவால்ல."

"தோர் அங்க இருக்கு."

"தெரியுது. இங்கயே இருக்கேன்."

குல்பாஷ் அவர் சட்டையைப் பின்னாலிருந்து பிடித்து இழுத்தாள். அனார் தலையை ஆட்டினாள், வேண்டாம் அப்பா, என்று கண்ணாலேயே கெஞ்சினாள். அமன்தாய் பார்த்தார். பார்த்தும் நிறுத்த முடியவில்லை. ஒரு குளிர்காலம் முழுக்க மூடி வைத்தது, சுவர், கேட்டு, ஆடு, கம்பளம் என்று மேலே மேலே ஏற்றி வைத்தது, எல்லாம் ஒரே மூச்சில் கிளம்பியது.

"என் வீட்டுத் தோர் உங்களுக்கு ஆகாதா? உங்களுக்காக என் சுவரை இடிச்சேன், ஓரல்பாய். வாசலையே தூக்கி அந்தப் பக்கத்துல இருந்து இந்தப் பக்கம் வெச்சேன். நீங்க எனக்கு என்ன செஞ்சீங்க? பொண்ணைக் குடுத்தவன் நான், ரயிலேறி வந்தேன், என்னைக் கீழ உக்காரவெச்சுட்டு இதோ நிக்கிறானே, இந்தத் தடியனைத் தோர்ல உக்காரவெச்சீங்க. உக்காந்துக்கிட்டே எனக்குக் கை குடுத்தான். ஊரே எந்திரிச்சு நின்னுச்சு, இவன் எந்திரிக்கல. நீங்க என்ன பண்ணீங்க? உக்காரு கண்ணு, எந்திரிக்காதேன்னு தடவிக் குடுத்தீங்க. அன்னிக்கு எனக்குத் தொண்டையில இறைச்சி இறங்கல. இன்னிக்கு என் வீட்டுக்கே வந்து செருப்புல உக்காந்து என்னை ரெண்டாவது தடவை அடிக்கிறீங்க."

வால்யா மெல்லுவதை நிறுத்தியிருந்தாள்.

ஓரல்பாய் எழுந்தார். காதுவரை சிவந்திருந்தார். தம்பி மகனைப் பார்த்தார், தரையைப் பார்த்தார். பிறகு தன் தொப்பியை எடுத்தார்.

"போகலாம்," என்றார் மனைவியிடம், யார் முகத்தையும் பார்க்காமல். "அனார், நீயும் வா, கண்ணு."

அனார் அசையவில்லை. அப்பாவைப் பார்த்தாள், மாமனாரைப் பார்த்தாள். எந்தப் பக்கம் ஓர் அடி வைத்தாலும் அடுத்த பக்கம் அறுந்துபோகும் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. குல்பாஷ் தலைக்குட்டை முனையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அமன்தாய்க்கு இப்போதுதான் தன் வாயிலிருந்து என்னென்ன வந்தது என்பது காதில் விழுந்தது. காலுக்கு அடியில் பிரேக்கைத் தேடினார். அது எப்போதும்போல் வேறு யாருடைய வண்டியிலோ இருந்தது.

அப்போது பல்தாபெக் சுவரை விட்டு இரண்டடி முன்னால் வந்தான். இவ்வளவு பெரிய ஆள் இவ்வளவு சின்னக் குரலில் பேசுவான் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை.

"பெரியப்பா, நீங்க சொல்லமாட்டீங்க, நானே சொல்லிடறேன்," என்றான். டைல்ஸைப் பார்க்காமல் அமன்தாயைப் பார்த்துச் சொன்னான்: "மாமா, அதே டைல்ஸ்னு பாத்துத்தான் பெரியப்பா இன்னிக்குப் பயந்தார்; அன்னிக்கு நான் விருந்தாளியா உக்காரல, உங்களுக்குன்னு பெரியப்பா தன் கையால போட்ட டைல்ஸ் ஒரு பக்கமா தூக்கிக்கிட்டு நின்னுச்சு, அது எந்திரிச்சு உங்க மேல அடிச்சிடக் கூடாதுன்னுதான் என்னை அது மேல பாரமா வெச்சிருந்தார்."